பதினொன்று சமம் பதினொன்று

மார்ச் 3
அடுப்பை அணைக்காமல் கதவைப் பூட்டிக்கொண்டு கடைக்குப் போயிருக்கிறேன். திரும்பி வந்தபோது பால் பாத்திரம் கரியாகிக் கிடந்தது, கைப்பிடி உருகிவிட்டது. என் வீட்டுக்காரர் உயிரோடு இருந்திருந்தால் வாசலிலேயே வாடை பிடித்திருப்பார். பாத்திரத்தைக் காகிதத்தில் சுற்றிக் குப்பையில் போட்டேன். மகளுக்குச் சொல்லவில்லை. அக்காவுக்கும் இப்படித்தான் ஆரம்பித்தது. கடைசியில் என்னைப் பார்த்து, "நீங்க யாரு?" என்றாள்.

மார்ச் 4
தீர்மானம்: மகளின் பழைய பாடப்புத்தகத்திலிருந்து தினம் ஒரு கணக்கு, இரண்டு சமன்பாடுகள், பிரதியிடும் முறையில். பேனாவால். என் பள்ளியில், பென்சிலில் எழுதினால் கணக்கு எடுத்த கன்னியாஸ்திரி தாளையே கிழித்துவிடுவார். இன்று பன்னிரண்டு நிமிடம். சரி.

மார்ச் 9
ஆறு நாள், ஆறும் சரி. என் தலைக்கு ஒன்றுமில்லை.
மகள் தொலைபேசியில், "அம்மா, இதை நேத்தே சொல்லிட்டீங்க" என்றாள்.
"ரெண்டு தடவை கேட்டா காது தேஞ்சா போகும்?"
சிரித்தாள். வைத்த பிறகு அடுப்பைப் போய்ப் பார்த்தேன்.

மார்ச் 12
x + 2y = 11
3x − y = 5
முதலாவதிலிருந்து x = 11 − 2y. பிரதியிட்டேன். y மறைந்துவிட்டது. 11 = 11. மறுபடியும் போட்டேன். 11 = 11. மூன்றாவது முறையும் அதே — ஐயோ, எங்க போச்சு? ஒன்பதாம் வகுப்புப் பிள்ளை போடுற கணக்கு! நானும் அக்கா மாதிரி ஆயிடுவேனா?

மார்ச் 13
புத்தகத்தைத் திறக்கவில்லை. அடுப்பை நான்கு முறை பார்த்தேன்.

மார்ச் 14
தவறு அகப்பட்டது. x-ஐ எந்தச் சமன்பாட்டிலிருந்து எடுத்தேனோ, அதிலேயே திரும்பப் போட்டிருக்கிறேன். அது தனக்குத் தானே ஆமாம் போட்டுக்கொள்ளும், வேறென்ன செய்யும்? இரண்டாவதில் போட்டேன். y = 4, x = 3.
மகிழ்ச்சி அரை மணி நேரம்தான். என் தலை சரியாக இருக்கிறதா என்று இத்தனை நாளும் நான் யாரைக் கேட்டேன்? என் தலையைத்தான்.

மார்ச் 15
தொலைபேசியில் மகளிடம் பாத்திரத்தைப் பற்றிச் சொன்னேன்.
"எத்தனை தடவைம்மா?"
"எனக்குத் தெரிஞ்சு ஒண்ணு. நீ என்னென்ன பாத்த? மறைக்காம சொல்லு."
நான்கு சொன்னாள். அவற்றில் இரண்டு எனக்கு நினைவே இல்லை.

மார்ச் 19
மகள் நேற்றிரவு வந்தாள். மருத்துவர் கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னேன். பிறகு, "இனி இவளைக் கேளுங்க, நான் வெளிய இருக்கேன்" என்று எழுந்து வந்துவிட்டேன். கதவு மூடியிருக்கிறது. உள்ளே மகளின் குரல் மட்டும். பயமாகத்தான் இருக்கிறது.
காலையில் அடுப்பை நான் அணைத்தேன். அவள் பார்த்தாள்.