நேராகப் பார்த்து, லேசாகச் சிரித்து

ஜூன் 4

அன்புள்ள குழாய்,

நலமா? நலம் என்று தெரியும். நேற்று உன் எபிசோடு பார்த்தேன். மருமகனை ஒரு முறை முறைத்தாயே, டிவிக்கு இந்தப் பக்கம் சாய்ந்து கிடந்த என் கணவர் எழுந்து நேராக உட்கார்ந்துவிட்டார். ஹாஸ்டலுக்கு லேட்டாக வந்து, கேட் திறக்கும்வரை கண்ணீராய்க் கொட்டுவாயே, அன்றைக்கு உனக்குக் குழாய் என்று பெயர் வைத்தவள் நான், பதிலுக்கு எனக்கு வார்டன் என்று பெயர் வைத்தவள் நீ. அதே கண்ணீரை வைத்து ஒன்பது வருடமாக ஒரே சீரியலில் அம்மாவாகப் பிழைக்கிறாய் என்றால், பெயர் வைத்தவளுக்கும் ஒரு பங்கு வர வேண்டும்.

இத்தனை வருடம் கழித்து மறுபடியும் கடிதம் எழுத வைத்துவிட்டார்கள், பார்த்தாயா. ஒரே கம்பெனியில் இருக்கிறோம், பேசிக்கொள்ள வழியில்லை. கதை கசிந்துவிடும் என்று ஷூட்டிங் வீட்டு வாசலிலேயே உங்கள் போனை வாங்கிப் பூட்டிவிடுகிறார்கள். நீ வீடு திரும்பும் நேரத்தில் நான் குறட்டை விட்டுக்கொண்டிருக்கிறேன். அதனால் ஆபீசுக்கும் உங்கள் தளத்துக்கும் போய்வருகிற காஸ்ட்யூம் வேன் டிரைவர்தான் இனி நமக்குத் தபால்காரர்.

பிஸ்கட் ஃபேக்டரியில் இருபது வருடம் ஆட்களைச் சேர்ப்பதும் அனுப்புவதுமாக இருந்தவள் நான். நீ முதலாளியிடம் என்னைப் பற்றிச் சொல்லியிருக்காவிட்டால், மனிதவள மேலாளர் என்று ஒருத்தி வேண்டும் என்றே அவருக்குத் தோன்றியிருக்காது. வந்ததும் வேலைநீக்க ஃபைலைக் கேட்டேன். அக்கவுண்டன்ட் முழித்தார். "அப்படி யாரையும் அனுப்புனதே இல்லீங்க மேடம்" என்றார். இப்படியும் ஒரு கம்பெனியா? மனசு நிறைந்துவிட்டது. உங்கள் மேக்கப் ரூம் வாசலில் ஒரு புகார்ப் பெட்டி மாட்டச் சொல்லியிருக்கிறேன். பெயர் போடாமல் எழுதலாம் என்று எல்லாரிடமும் சொல்.

உன்,
வார்டன்


ஜூன் 9

என் அருமை வார்டன் அம்மா,

உன் கடிதத்தை மேக்கப் நாற்காலியில் உட்கார்ந்து படித்தேன். சிரித்த சிரிப்பில் ஒரு புருவம் கோணலாகப் போய்விட்டது, எபிசோடில் பார்த்துக்கொள். யாரையும் அனுப்பியதே இல்லையாமா? அடிப் பாவி, இங்கே யாரையும் அனுப்ப மாட்டார்கள். சாகடித்துவிடுவார்கள்.

எனக்குக் கொழுந்தனாக நடித்தவர் சம்பளம் கூட்டிக் கேட்டார். அடுத்த வாரம் மேக்கப்போடு வந்து நின்றவரைக் கட்டிலில் படுக்கச் சொன்னார்கள். "என்ன சீன்?" என்று கேட்டார். "ஒண்ணுமில்ல சார், கண்ண மூடிக்கிட்டாப் போதும்" என்றார் டைரக்டர். என் மூத்த மகளாக நடித்தவள் தன் சொந்தக் கல்யாணத்துக்குப் பத்து நாள் லீவு கேட்டாள். கதையில் அவள் கார் மரத்தில் மோதியது. கேட்டது பத்து நாள், கிடைத்தது நிரந்தர லீவு. இதில் உன் பெட்டியில் யார் எழுதிப் போடுவார்கள்? எல்லார் கையெழுத்தும் எல்லாருக்கும் தெரியும். இன்றைக்குப் பேனா பிடித்தவன் நாளைக்கு லாரியில் அடிபடுவான்.

விளையாட்டுப் பேச்சு போதும். கொஞ்ச நாளாக எனக்கு வசனம் குறைந்துவிட்டது. காபித் தட்டைக் கொண்டுவந்து வைக்கிறேன், எல்லார் முகத்தையும் கவலையாகப் பார்க்கிறேன், உள்ளே போய்விடுகிறேன். பயமாக இருக்கிறது. இப்போது அம்மா வேடத்துக்கே முப்பத்தைந்து வயதில் ஆள் தேடுகிறார்கள். இந்த வீட்டை விட்டு வெளியே போனால் எனக்கு இன்னொரு வீடு கிடைக்காது.

ஆனால் அதைக்கூடத் தாங்கிக்கொள்வேன். படுக்கச் சொல்லும்போது தெரிந்துகொள்வதைத்தான் தாங்க மாட்டேன். உன்னிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். என் முறை வந்துவிட்டது என்று உன் காதில் விழுந்தால், முதலில் என்னிடம் சொல். வேறு யார் வாயாலும் வேண்டாம், உன் வாயால் சொல்.

அன்புடன்,
குழாய்


ஜூன் 15

அன்புள்ள குழாய்,

சொல்வேன். இதற்கு இவ்வளவு கெஞ்ச வேண்டுமா? நேரில் வந்து, என் வாயால், முதலில் உன்னிடம்தான் சொல்வேன். இதுவரை அப்படி எதுவும் என் காதுக்கு வரவில்லை. அதனால் தட்டை ஒழுங்காகப் பிடி, காபி சிந்தப்போகிறது.

பெட்டியைத் திறந்து பார்த்தேன். ஒரு பிஸ்கட் உறை கிடந்தது. அதுவும் என் பழைய ஃபேக்டரி பிஸ்கட். நல்ல வரவேற்பு.

போன வாரம் உங்கள் தளத்துக்கு வந்தபோது கேட்டில் ஒரு காட்சி பார்த்தேன். உங்கள் காஸ்ட்யூம் அக்கா கொட்டுகிற மழையில் துணி மூட்டையோடு நிற்கிறாள். புது வாட்ச்மேன் உள்ளே விட மாட்டேன் என்கிறான். "நீ யாருன்னு எனக்கு எப்படிம்மா தெரியும்?" என்கிறான். இத்தனை வருடம் அந்த வீட்டில் எல்லாருக்கும் உடுத்திவிட்டவள், தான் யார் என்று சொல்ல வழியில்லாமல் நிற்கிறாள். அதற்கு ஒரு ஏற்பாடு செய்திருக்கிறேன். வியாழக்கிழமை தெரியும். என்ன என்று இப்போதே சொல்லிவிட்டால் சுவை போய்விடும். மூத்தவர்களிலிருந்து தொடங்கச் சொல்லியிருக்கிறேன், எனவே முதல் ஆளாக உன்னைத்தான் கூப்பிடுவார்கள். நன்றாகத் தலை வாரிக்கொண்டு போ.

உன்,
வார்டன்


ஜூன் 19

மனிதவள மேலாளர் அவர்களுக்கு,

நீங்கள் அனுப்பிய போட்டோகிராபர் வந்தார். பின்னால் ஒரு வெள்ளைத் துணியைக் கட்டினார். "அம்மா, நீங்கதான் முதல்ல. தனியா நில்லுங்க. நேராப் பாத்து லேசாச் சிரிங்க" என்றார்.

இந்தத் தொழிலில் அதற்கு என்ன அர்த்தம் என்று மூன்று வாரத்தில் உங்களுக்கு யாரும் சொல்லாமலா இருந்திருப்பார்கள்? நடிக்கிறவளைத் தனியாக நிறுத்தி, நேராகப் பார்க்க வைத்து, லேசாகச் சிரிக்க வைத்துப் படம் எடுப்பது ஒரே காரியத்துக்குத்தான். அவள் செத்த பிறகு ஹால் சுவரில் மாட்ட வேண்டுமே, அதற்கு. கொழுந்தனை அப்படித்தான் எடுத்தார்கள். அவர் ஏதோ விளம்பரத்துக்கு என்று நினைத்து, தலைக்கு எண்ணெய் தடவிக்கொண்டு நின்றார். அவருக்குப் பிறகு நாங்கள் யாரும் ஏமாறவில்லை.

நான் சிரித்தேன். நன்றாகவே சிரித்தேன். பிறகு நேராக டைரக்டரிடம் போனேன். தலைக்கு மேல் வெள்ளம் போன பிறகு சாண் என்ன, முழம் என்ன? எல்லார் முன்னாலும் கேட்டேன். "காய்ச்சல்ல நடுங்கிட்டிருந்த பொண்ண மழை சீன்ல மறுபடி மறுபடி நனைய வச்சீங்களே, உங்க பொண்ணா இருந்தா வைப்பீங்களா? ரெண்டு நாளாத் தூங்காத லைட்மேன் ஏணியிலருந்து விழுந்தாரு. அவரு குடிச்சிருந்தாருன்னு சொன்னீங்களே, உங்க நாக்கு கூசலையா? ஒன்பது வருஷமா வாய மூடிக்கிட்டு உங்களுக்குக் காபி கொண்டுவந்து வச்சிருக்கேன். இன்னிக்கு இதையும் சேத்துக் குடிங்க" என்றேன். மேக்கப்பைத் துடைத்துப் போட்டுவிட்டு வீட்டுக்கு வந்துவிட்டேன்.

வேலை போனதற்கு அழவில்லை. உன்னிடம் ஒன்றே ஒன்று கேட்டேன். நீ வரவில்லை, கேமராவை அனுப்பினாய். நன்றாகத் தலை வாரிக்கொண்டு போ என்று வேறு எழுதினாய்.

இப்படிக்கு,
உங்கள் நிறுவனத்தின் காலஞ்சென்ற அம்மா


ஜூன் 20

அடி குழாய்,

அது அடையாள அட்டைக்கடி! கழுத்தில் மாட்டிக்கொள்ளும் ஐ.டி. கார்டு! ஃபேக்டரியில் யாரை வேலைக்குச் சேர்த்தாலும் முதல் காரியமாக வெள்ளைத் துணிக்கு முன்னால் நிற்க வைப்போம். நேராகப் பார், லேசாகச் சிரி என்போம். அங்கே அதற்கு, நீ எங்கள் ஆள் என்று அர்த்தம். இங்கே செத்தாய் என்று அர்த்தமாம். எனக்கு யார் சொன்னார்கள்? உன் கடிதத்தில் எல்லார் சாவையும் விலாவாரியாக எழுதினாய், இதை எழுதவில்லையே!

உன் வீட்டுக்கு இரண்டு முறை வந்தேன், கதவைத் திறக்கவில்லை. போனையும் அணைத்து வைத்திருக்கிறாய். அதனால் இந்தக் கடிதத்தைக் கதவுக்கு அடியில் தள்ளுகிறேன்.

நீ போன பிறகு நடந்ததைக் கேள். வரிசையாக ஒவ்வொருவரையும் படம் எடுக்க எடுக்க, மொத்தக் குடும்பமும் ஒரே பஸ்ஸில் போய்ப் பள்ளத்தில் விழப்போகிறது என்று வதந்தி கிளம்பிவிட்டது. கதையில் இல்லாத லைட்மேனை ஏன் எடுக்கிறார்கள் என்று ஒருவருக்கும் கேட்கத் தோன்றவில்லை. சாயங்காலம் பெட்டியைத் திறந்தேன். திணித்துத் திணித்து மூடி தூக்கிக்கொண்டு நிற்கிறது. செத்தவர்களுக்கு இனி என்ன பயம் என்று எழுதித் தள்ளியிருக்கிறார்கள். தூக்கமில்லாத வேலை, உடை மாற்ற மறைவில்லாத இடம், அந்த மழை, அந்த ஏணி. பாதிப் பேர் பெயரே போட்டிருக்கிறார்கள். நீ பேசியதைக் கேட்ட பிறகுதான் எழுதினார்களாம். அந்தக் காய்ச்சல்காரப் பெண் இரண்டு பக்கம் எழுதியிருக்கிறாள்.

இன்னொன்றும் விசாரித்தேன், சொல்லவே வாய் வரவில்லை. உனக்கு வசனம் எழுதுகிற பெண்ணுக்குக் குழந்தை பிறந்திருக்கிறது. அவளுக்குப் பதிலாக ஆள் போடவில்லை. உனக்கு வசனம் குறைந்தது அதனால்தான். உன்னைச் சாகடிக்கிற எண்ணம் யாருக்கும் இல்லை. பிள்ளையார் பிடிக்கப் போய்க் குரங்காக முடித்துவிட்டேன். என்னைத் திட்டு, ஆனால் கதவைத் திற.

உன்,
வார்டன்


ஜூன் 22

வார்டன்,

உன் கடிதம் வந்த பிறகும் கதவைத் திறக்காததற்குக் காரணம் இருக்கிறது. அதைப் படித்துவிட்டுத் தரையில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தேன். பிறகு அழுதேன். கிளிசரின் இல்லாமல் அழுவது எப்படி என்று மறந்தே போயிருந்தது.

சொன்னதை இனி விழுங்க முடியாது. விழுங்க மனசும் இல்லை. ஒவ்வொரு சொல்லும் நிஜம். ஆனால் என் வேலை பத்திரமாக இருந்த நாளில், அது போய்விட்டது என்று நினைத்துக்கொண்டு அதை நானே போட்டு உடைத்திருக்கிறேன்.

தளத்திலிருந்து அழைப்பு வரவில்லை. "அவங்க இருந்தா நான் இல்ல" என்று டைரக்டர் சொன்னதாக வேன் டிரைவர் சொல்கிறார். எனக்கு அங்கே திரும்பிப் போக வேண்டும்டி. அட்டையில் செய்த சுவர், தண்ணீர் வராத சமையலறை, எல்லாம் தெரியும். ஆனாலும் அங்கேதான் என்னை அம்மா என்று கூப்பிடுகிறார்கள். முதலாளியிடம் பேசிப் பார்.

குழாய்


ஜூலை 1

அன்புள்ள குழாய்,

முதலாளியோடு நாள்தோறும் உட்கார்ந்தேன். பெட்டியில் இருந்த எல்லாவற்றையும் வாசித்துக் காட்டினேன். முதலில் கத்தினார், பிறகு தலையைப் பிடித்துக்கொண்டார், கடைசியில் கையெழுத்துப் போட்டார். இனி இத்தனை மணிக்கு மேல் வேலை இல்லை என்று ஒரு வரம்பு வந்திருக்கிறது. காய்ச்சல் என்றால் லீவு. லைட்மேனுக்கு வைத்தியச் செலவு. யாரையும் கதையிலிருந்து எடுப்பதாக இருந்தால், எழுதுவதற்கு முன் நேரில் காரணம் சொல்ல வேண்டும். கேட்டதெல்லாம் கிடைத்தது, ஒன்றைத் தவிர.

நாளைக் காலை உன் வீட்டுக்கு வருகிறேன். எதற்கு என்று இதில் எழுத மாட்டேன். வாயால் சொல்வதாக வாக்குக் கொடுத்திருக்கிறேன். காபி போட்டு வைக்காதே. நீ தட்டோடு வந்து நின்றால் எனக்குப் பேச்சு வராது.

என் பையில் இன்னொரு கடிதமும் இருக்கும். அது முதலாளிக்கு. அதையும் உன்னிடம் காட்டிவிட்டுத்தான் கொடுப்பேன்.

உன்,
வார்டன்


ஜூலை 14

அன்புள்ள வார்டன்,

சோபாவின் நுனியில் உட்கார்ந்து "இனிமே நீ அங்க இல்லடி" என்று நீ சொன்னாயே, அதற்கு எத்தனையோ வருடமாக ஒத்திகை பார்த்து வைத்திருந்த அழுகை எனக்கு வரவே இல்லை. நீதான் மூக்கைச் சிந்திச் சிந்தி அழுதாய். இந்த வயதில் குழாய் என்ற பெயர் கைமாறிவிட்டது.

உன் ராஜினாமாக் கடிதத்தைப் படிக்காமலே கிழித்ததற்கு மன்னிப்பெல்லாம் கேட்க மாட்டேன். நீயும் போய்விட்டால் அந்தப் பெட்டியை யார் திறப்பது? மூடி தூக்கிக்கொண்டு நின்றது என்றாயே. இத்தனை வருட அழுகையில் நான் உருப்படியாகச் செய்த காரியம் அது ஒன்றுதான். உட்கார்ந்த நாற்காலியை விடாதே.

நேற்று என் கடைசி சீன் எடுத்தார்கள். அம்மா தன் அக்கா வீட்டோடு போய் இருக்கப்போகிறாளாம். சாகடிக்காமல்தான் அனுப்ப வேண்டும் என்று நீ முதலாளியிடம் மல்லுக்கு நின்றதை வேன் டிரைவர் சொன்னார். ஒரு பெட்டியைத் தூக்கிக்கொண்டு வாசல் வழியாக நடந்து போனேன். அந்த வீட்டிலிருந்து இதுவரை யாரும் தன் காலால் நடந்து போனதில்லை. லைட்மேன் ஏணியை விட்டு இறங்கி வந்து நின்றார். காஸ்ட்யூம் அக்கா கழுத்தில் அட்டையோடு நின்றாள். டைரக்டர் "கட்" என்றார், முகத்தைப் பார்க்கவில்லை. கட் சொன்ன பிறகும் என் இளைய மகளாக நடிக்கிறவள் கையை விடவில்லை. "அம்மா, ஃபோன் பண்ணுவீங்கல்ல?" என்றாள்.

ஒன்றை மறைக்க மாட்டேன். உன் மேல் கொஞ்சம் கோபம் இன்னும் பாக்கி இருக்கிறது. விடியும் முன்பே விழிப்பு வந்துவிடுகிறது, போக இடமில்லை, அந்த நேரத்தில் உன் ஞாபகமும் உன் வெள்ளைத் துணியும் சேர்ந்தே வருகின்றன. தீர்ந்ததும் சொல்கிறேன். ஆனால் சொன்னபடி நீ வந்தாய். வாயால் சொன்னாய். அதுவும் அந்த நேரத்தில்தான் ஞாபகம் வருகிறது.

விலகியவர்கள் அடையாள அட்டையை ஒப்படைக்க வேண்டும் என்று உன் ஆபீசிலிருந்து நோட்டீஸ் வந்திருக்கிறது, கீழே உன் கையெழுத்தோடு. வேன் டிரைவர் கொண்டுவந்து கொடுத்த அந்த அட்டையைத் தர மாட்டேன். என் கதை முடிந்தது என்று நினைத்துக்கொண்டே சிரித்த சிரிப்பு அது, இன்னொரு தரம் வராது. அந்தப் படத்தைப் பெரிதாக்கி, சட்டம் போட்டு, ஹாலில் டிவிக்கு மேலே மாட்டியிருக்கிறேன். விசாரிக்க வருகிறவர்கள் அதைப் பார்த்ததும் பதறிப்போய்ச் செருப்பைத் தேடுகிறார்கள். நான் உள்ளேயிருந்து காபித் தட்டோடு வந்து நிற்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை வா. உனக்கும் போட்டு வைக்கிறேன்.

இப்படிக்கு,
உயிரோடு இருக்கும்
குழாய்