முரசுக்கு வேலையில்லாத சிம்பனி

1912 ஜனவரி 9

இன்று இரண்டாவது முறையாகத் தவறவிட்டேன். எண்பத்தாறு தாளக்கட்டு சும்மா எண்ணிக்கொண்டிருந்துவிட்டு முரசில் ஓர் அடி, அவ்வளவுதான் வேலை. ஐம்பதுக்குமேல் எண்ணிக்கை எங்கே போயிற்றென்று தெரியவில்லை. அரங்கின் கண்ணாடிக் கூரைமேல் கடற்பறவைகள் நடந்தன. வெளியே மூடுபனி. எனக்குள் செல்லோக்கள் வேறெதையோ வாசித்துக்கொண்டிருந்தன. டிராம்போன்காரன் சக்டன் முழங்கையால் இடித்தபோது இடம் கடந்துவிட்டது.

“பத்தொம்பது வருஷமா அடிக்கிற, இன்னும் தூக்கம் தெளியலையா?” என்றான்.

தூக்கமில்லை. அவனிடம் எப்படிச் சொல்ல?

ஜனவரி 21

நான் எழுதிவரும் சிம்பனியின் மூன்றாம் பகுதி முடிந்தது. மழை.

ஜனவரி 28

முழுவதும் முடிந்தது. நான்கு வருஷம். இனி என்ன செய்வேன் என்று பயமாக இருந்தது. சமையலறை மேசையில் தாள்களைப் பரப்பி என் மனைவி லெட்டிஸிடம் காட்டினேன். அவளுக்கு இசைக்குறிப்பு படிக்கத் தெரியாது. விரலை ஓரத்தில் வைத்து மேலிருந்து கீழே இறங்கினாள்.

“இது யாரு?”

“புல்லாங்குழல்.”

“இது?”

“வயலின்காரங்க.”

“சரி, நீ எங்க ஜேபெஸ்?”

“நான் இல்ல. இதுல முரசே கிடையாது.”

“ஊர்ல இருக்கிறவனுக்கெல்லாம் எழுதிட்டு உனக்கு ஒண்ணும் வச்சுக்கலையா? கிறுக்கா உனக்கு?”

இத்தனை வருஷத்தில் எந்த இசையையும் எண்ணாமல் கேட்டதில்லை என்றேன். அழகான இடம் வரும்போதெல்லாம் நாற்பத்தொன்று, நாற்பத்திரண்டு என்று எண்ணிக்கொண்டிருப்பேன். ஒன்றையாவது முழுசாகக் கேட்க வேண்டும்; அதற்குத்தான் எழுதினேன்.

“அப்ப நல்லா கேளு,” என்று சொல்லிவிட்டு மாவு பிசையப் போனாள்.

பிப்ரவரி 6

எங்கள் குழுவை நடத்தும் கார்ஸ்டங் கூப்பிட்டனுப்பினார். தாள்கள் ஒரு வாரமாக அவரிடம்தான் இருந்தன. யாருக்கு அடுத்த பருவத்தில் வேலை, யாருக்கு இல்லை என்பதும் அவர் கையில்தான்.

“நல்லாத்தான் இருக்குய்யா ஜேபெஸ் ஆம்ப்ளர். நான் எதிர்பார்க்கல. மார்ச் பதினாலு, வியாழக்கிழமை மத்தியானக் கச்சேரியில போடலாம். ஆனா கடைசியில இப்படிப் புகை மாதிரி கலைஞ்சு போனா எப்படி? எங்க கைதட்டணும்னு சனங்களுக்குத் தெரிய வேண்டாமா? முடிவுல முரசுல மூணு அடி. பலமா. அது இருந்தா வாசிக்கிறோம், இல்லேன்னா எடுத்துட்டுப் போ.”

பிப்ரவரி 7

எழுதிக் கொடுத்துவிட்டேன். மூன்றே அடி.

பிப்ரவரி 8

லெட்டிஸ் திட்டியிருந்தால் தேவலை. நான் என்ன செய்யறது? பெட்டியில வச்சுப் பூட்டறதா? மூணு அடிதானே — மூணு அடிதானே என்று காலையிலிருந்து சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

மார்ச் 13

ஒரே ஒரு ஒத்திகை. முதல் பகுதி தொடங்கியதும் எனக்குக் கால் தரையில் இல்லை. பனிக்குள் படகு ஒன்று கட்டவிழ்ந்து நகர்வதுபோல செல்லோக்களின் கனத்த ஒலி எழுந்தது. இதை நானா எழுதினேன்? கிளாரினெட் வரும் இடத்தில் வெயில் கூரைவழியே இறங்கி வயலின்களின்மேல் ஊர்ந்தது. சக்டன் என்னைப் பார்க்காமலே, “நாசமாப் போக, நல்லா இருக்குடா,” என்றான். நேரம் போதாததால் கடைசிப் பக்கத்துக்கு முன்பே நிறுத்திவிட்டார்கள்.

மார்ச் 14

அறுபது பேர் இருப்பார்கள். பாதிப்பேர் மழைக்கு ஒதுங்கியவர்கள். லெட்டிஸ் நான்காம் வரிசையில்.

என் சிம்பனியை முரசுகளுக்குப் பின்னால் உட்கார்ந்து கேட்டேன். நேரம் என்று ஒன்று இருந்ததாகவே நினைவில்லை. எங்கோ அலை பின்வாங்கிக்கொண்டே இருந்தது. கடைசிப் பக்கம் வந்ததும் எழுந்து கோல்களை உயர்த்தினேன். வயோலாக்கள் நின்றன. செல்லோ ஒன்று மட்டும் மெலிந்து, மெலிந்து — கார்ஸ்டங்கின் கை என் பக்கம் திரும்பியது.

அடிக்கவில்லை.

முன்கூட்டித் தீர்மானித்ததல்ல. கை இறங்கவில்லை, அவ்வளவுதான். மறுபடியும் சைகை செய்தார். கோல்களைத் தோல்மேல் சத்தமில்லாமல் வைத்தேன். அந்தச் செல்லோவின் ஒலி எப்போது நின்றது என்று யாருக்கும் தெரிந்திருக்காது. ஒருவரும் அசையவில்லை. கூரைமேல் மழை மட்டும்.

அப்புறம் தட்டினார்கள். ரொம்பநேரம் தட்டினார்கள். கார்ஸ்டங் திரும்பிக் குனிந்து வணங்கினார். அவர் கழுத்து சிவந்திருந்தது.

வீட்டுக்கு வரும் வழியில் லெட்டிஸ் அழுதாள். “உன் வேலை போச்சுடா மடையா,” என்றாள். என் கையை மட்டும் விடவில்லை.

மார்ச் 18

கடிதம் வந்தது. இரண்டு வரி. கோடைப் பருவத்துக்கு நான் தேவையில்லை.

ஏப்ரல் 2

லெட்டிஸின் அண்ணனுடைய இரும்புச் சாமான் கடையில் சேர்ந்துவிட்டேன். ஆணி, கீல், குழாய். அவளும் கல்லாவில் இருக்கிறாள்.

ஜூன் 20

காற்றில் அரங்கத்துச் சங்கீதம் கடைவரை வருகிறது. கதவைச் சாத்தினேன். பிறகு திறந்துவிட்டேன்.

நவம்பர் 19

கார்ஸ்டங் கடைக்கு வந்தார்! குளியலறைக் குழாய்க்கு அரை அங்குல வாஷர் இரண்டு கேட்டார். எடுத்துக் காகிதத்தில் சுற்றினேன். நகராமல் நின்றார்.

“லீட்ஸ்ல ஒரு குழு உன் சிம்பனியைக் கேட்டாங்க. அனுப்பிட்டேன். ஜனவரியில வாசிக்கிறாங்க.”

பொட்டலத்தை அவர் பக்கம் நகர்த்தினேன்.

“அந்த மூணு அடியை நானே அடிச்சுட்டேன். பேனாவால. பெருமைப்பட்டுக்காதே, உன்மேல கோபம் இன்னும் போகல.” தொப்பியைப் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

எவ்வளவு நேரம் அப்படியே நின்றேனோ. லெட்டிஸ் கல்லாவிலிருந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“என்ன?” என்றேன்.

“அரை அங்குலம் கேட்டவருக்கு முக்கால் அங்குலம் கொடுத்து அனுப்பியிருக்க. ஓடு.”

ஓடினேன். சரியானதை அவர் கையில் கொடுத்துவிட்டு, கடற்கரை வழியாகச் சுற்றிக்கொண்டு, மெதுவாகத் திரும்பி வந்தேன்.