சுரபுன்னைக் காட்டுக்குப் பதினாறு படங்கள்

1963 ஜனவரி 21, திங்கள்

பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது கூடத்தில் ஒருவர் காத்திருந்தார். சிதம்பரத்தில் அச்சகம் வைத்திருக்கும் சிற்றம்பலம். கல்யாணப் பத்திரிகையும் கேள்வித்தாளும் அடித்து அலுத்துவிட்டதாம். பிள்ளைகளுக்குப் படப் புத்தகம் ஒன்று போட ஆசை. காடு, மரம், அதில் வாழும் உயிர்கள். பாட்டு அவர் எழுதிக்கொள்வார். படங்கள் பதினாறும் நான் போடவேண்டும்.

பன்னிரண்டு வருஷமாகக் கரும்பலகையில் கூஜாவும் பூசணிக்காயும் வரைந்து காட்டிக்கொண்டிருக்கிறேன். அவர் கேட்டு முடிப்பதற்குள் சரி என்று சொல்லிவிட்டேன்.

பிப்ரவரி 2, சனி

ஆறு படங்களைச் சிதம்பரத்துக்குக் கொண்டுபோனேன். சிற்றம்பலம் மேஜையில் பரப்பி வைத்து வெகுநேரம் பார்த்தார்.

"யானை நல்லா இருக்கு டீச்சர். ஆனா மரமெல்லாம் வரிசையா நிக்கிதே. இது தோப்பு மாதிரியில்ல இருக்கு?"

முகம் சுட்டது. ரயிலில் வரும்போதுதான் ஒப்புக்கொண்டேன். நான் வரைந்தது பண்ருட்டிப் பக்கத்து மாந்தோப்பு. பின்னால் ஒரு புலியை நிறுத்தியிருக்கிறேன், அவ்வளவுதான். முப்பத்தாறு வயதாகிறது. ஒரு காட்டுக்குள் ஒருநாளும் நான் போனதில்லை.

பிப்ரவரி 3, ஞாயிறு

"பிச்சாவரம் போகணும், காடு பாக்கணும்" என்றேன். என் வீட்டுக்காரர் பேப்பரிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "அங்க தண்ணிதான ஜாஸ்தி" என்றார். சாயந்திரம் அவராகவே, "துறைமுக ஆபீசுல ஒரு கிள்ளைக்காரர் இருக்கார். படகுக்குச் சொல்லி வைக்கிறேன் ஞானம்" என்றார்.

பிப்ரவரி 10, ஞாயிறு

எழுத உட்கார்ந்து அரைமணியாகிறது. எங்கிருந்து தொடங்குவது?

பிச்சாவரத்துக்குப் பக்கத்து ஊரான கிள்ளையில் படகோடு நின்றவள் ஒரு பெண். பூவம்மாள். என் வயதுதான் இருக்கும். நண்டு பிடிக்கிறவள். இவர் தயங்கி, "ஆம்பள யாரும் வரலையா?" என்றார். "அவுங்க கடலுக்குப் போயிருக்காங்க. உள்ளாற வழி எனக்குத்தான் நல்லாத் தெரியும், ஏறுங்க" என்று கழியை ஊன்றினாள்.

முதலில் அகலமான உப்பங்கழி, வெயில். பிறகு படகு ஒரு வாய்க்காலுக்குள் திரும்பியது. வெளிச்சமே மாறிப் போயிற்று. மேலே கிளைகள் மூடிக்கொண்டன. தண்ணீர் பச்சை, காற்று பச்சை, இவருடைய வெள்ளைச் சட்டையும் பச்சை. இரண்டு பக்கமும் சுரபுன்னை. அந்த மரங்கள் மண்ணில் நிற்கவில்லை. வேர்களைக் கால்களாக வளைத்துத் தண்ணீரில் ஊன்றி, இப்போதுதான் நடந்து வந்து நின்றதுபோல் நின்றன. எந்தக் கால் எந்த மரத்துடையது என்று என்னால் பிரிக்க முடியவில்லை. வேரெல்லாம் சிப்பி. சிப்பிமேல் சிவப்பு நண்டு. எங்கேயோ ஒரு மீன் துள்ளும் சத்தம் கேட்டது, பிறகு ஒன்றுமில்லை.

இவர் தண்ணீரையே பார்த்துக்கொண்டு வந்தார். அலுவலகக் கதை இல்லாமல் இவர் ஒரு மணி நேரம் இருந்து நான் பார்த்ததில்லை.

கிளைகளில் முருங்கைக்காய் போல நீளமாகத் தொங்கியது என்ன என்று கேட்டேன்.

"அது காயில்லீங்க டீச்சரம்மா. கன்னு. வெத கீழ வுழாது. மரத்துலயே மொளச்சி, தாய்கிட்டவே வளந்து, பெருசானதுக்கு அப்பறந்தான் எறங்கும்."

அவள் சொல்லிக்கொண்டிருக்கும்போதே ஒன்று விழுந்தது. சளக். சேற்றில் நேராகக் குத்தி நின்றது. பிறந்த அந்தக் கணமே அது மரமாக நின்றுவிட்டது. என் கையில் பென்சில் இருந்தது. நான் வரையவில்லை.

பிப்ரவரி 11, திங்கள்

பழைய ஆறு படங்களையும் கிழித்துப் போட்டேன். இனி பிச்சாவரத்தைத்தான் வரையப்போகிறேன் என்று சிற்றம்பலத்துக்குக் கடிதம் எழுதினேன்.

பிப்ரவரி 16, சனி

சிற்றம்பலம் பதில் எழுதியிருக்கிறார். சேறும் வேரும் பிள்ளைகளுக்குப் பிடிக்குமா, ஒரு புலியாவது வேண்டும், யோசியுங்கள் என்று. யோசிக்க என்ன இருக்கிறது, அங்கே புலி இல்லையே. நாளை மறுபடி போகிறேன்.

பிப்ரவரி 20, புதன்

இரண்டு கண்ணிலும் கட்டு. ஸ்கேலைத் தாளில் வைத்துத் தடவித் தடவி எழுதுகிறேன். வரி கோணினால் கோணட்டும்.

ஞாயிற்றுக்கிழமை நடந்தது. காட்டின் கரையோரம் தில்லை மரங்கள். இலை பழுத்துச் செம்புபோல் மின்னியது. பக்கத்தில் வைத்துப் பார்த்து வரைய ஒரு கிளையை ஒடித்தேன். பூவம்மாள் "வேணாம்மா" என்று கத்துவதற்குள் பால் தெறித்து வலக்கண்ணில் விழுந்தது. நெருப்பு. கசக்கியதில் இடக்கண்ணுக்கும் போயிற்று. குடத்திலிருந்த குடிதண்ணீர் முழுவதையும் அவள் என் கண்ணில் ஊற்றினாள். பிறகு இருட்டு.

ஆஸ்பத்திரியில் டாக்டர், "ஒரு வாரம் கழிச்சுதான் சொல்ல முடியும்" என்றார். இவர் கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறார். மூச்சை வைத்துத் தெரிகிறது. அழுகிறாரோ?

கண்ணு போயிடுமா? போயிட்டா நான் என்ன பண்ணுவேன்? எனக்கு வேற என்ன தெரியும்?

பிப்ரவரி 22, வெள்ளி

பூவம்மாள் வந்தாள், அவ்வளவு தூரம். எனக்குக் கோபம்தான் வந்தது. "அந்த மரத்த வெட்டிப் போட வேண்டியதுதான?" என்றேன்.

அவள் கட்டிலோரம் உட்கார்ந்தாள். பிறகு மெதுவாக, "நீங்க ஒடிச்சீங்க, அது கத்திச்சி. அதுக்கு வாயா இருக்கு, பாலுதான் இருக்கு" என்றாள்.



என் கையைப் பிடித்து எதையோ வைத்தாள். நீளம், வழவழப்பு, நுனியில் கூர்மை. சுரபுன்னைக் கன்று. பிறகு சிப்பி ஒட்டிய வேர்த்துண்டு. தானாகக் கழன்று கிடந்தது என்றாள். விரலால் அந்த வளைவைத் தொட்டுக்கொண்டே போனேன். பார்த்தபோது எனக்குப் பிடிபடாதது தொடும்போது பிடிபட்டது. வேர் வளைவது அழகுக்கு இல்லை. அலை தள்ளும் பக்கம் கால் அகட்டி நிற்கிறது. ஒவ்வொரு மரமும் விழாமல் இருக்க அப்படி ஒரு பாடு படுகிறது. அப்படி நிற்கும் ஒன்றைத்தான் நான் கை நீட்டி ஒடித்திருக்கிறேன்.

பிப்ரவரி 27, புதன்

கட்டு அவிழ்த்தார்கள். முதலில் பார்த்தது ஜன்னல் கம்பி, அதற்கு அப்பால் ஒரு வேப்பங்கிளை. இலைகளின் ரம்பப்பல் ஒவ்வொன்றாகத் தெரிந்தது. அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். நர்ஸ் இரண்டு முறை கூப்பிட்டாளாம்.

இடக்கண் தெளிவு. வலக்கண்ணில் மெல்லிய புகை. அது போகாது என்கிறார் டாக்டர்.

மார்ச் 12, செவ்வாய்

வலக்கண்ணால் மட்டும் பார்த்தால் தூரத்து மரங்கள் தண்ணீரோடு கரைந்துவிடுகின்றன. முதன்முதல் போன அன்று காலையில் அந்த வாய்க்கால் அப்படித்தான் இருந்தது. கிட்டத்து வேர்களுக்கு இடக்கண், தூரத்துக்கு வலக்கண். ஒன்பதாவது படம் முடிந்தது.

மார்ச் 30, சனி

பதினாறையும் சிற்றம்பலம் முன்னால் வைத்தேன். புலி இல்லை என்று முதலிலேயே சொல்லிவிட்டேன். பன்னிரண்டாவது படத்தில் அவர் கை நின்றது. ஒடிந்த தில்லைக் கிளை, அதன் நுனியில் ஒரு சொட்டுப் பால், கிளையை விட்டு விலகும் ஒரு கை. படத்தில் வேறொன்றும் இல்லை.

"இதுக்குப் பாட்டு எழுத வராது டீச்சர்" என்றார்.

"அப்போ?"

"பாட்டே வேணாம். பக்கத்துக்கு ஒரு வரி போதும்."

மிஷின் ஓடும் சத்தத்தில் மற்ற படங்களையும் நின்றபடியே பார்த்து முடித்தார். புலியைப் பற்றிக் கேட்கவில்லை.

ஜூன் 16, ஞாயிறு

புத்தகம் வந்து மூன்று நாளாகிறது. பச்சை, கறுப்பு இரண்டே மை. முதல் பிரதியை எடுத்துக்கொண்டு நானும் இவரும் கிள்ளைக்குப் போனோம்.

பூவம்மாளுக்குப் படிக்கத் தெரியாது. கையைத் துடைத்துக்கொண்டு பாயில் புத்தகத்தை விரித்தாள். பக்கம் பக்கமாகப் போனாள். வாய்க்கால் இருக்கும் நடுப்பக்கத்தில் விரலை வைத்தாள். விரல் தண்ணீரின் மேல் மெதுவாக நகர்ந்தது. வேர்களை ஒதுக்கி, திருப்பத்தில் வளைந்து, கிளைகளுக்கு அடியில் நுழைந்து, தாளின் ஓரத்தைத் தாண்டிப் பாய்மேல் ஒரு சாண் தூரம் போய் நின்றது.

"இங்கதான் எங்க ஊடு" என்றாள்.