கோட்டுப் பையில் நான்கு பிறை

மச்சி,

அலுமாரியின் அடித்தட்டை இழுத்ததும் பூச்சி உருண்டை வாசம் மூக்கில் அடித்தது. அதற்குள்ளே மெல்லிசாக நீங்கள் தலைக்கு வைக்கும் எண்ணெய் வாசமும் இருந்தது. நீங்கள் மௌத்தாகி, மண்ணுக்குள் போய் எட்டு மாதமாகிவிட்டது. இன்னும் அந்த வாசம் ஏன் போகவில்லை என்று எனக்கு விளங்கவில்லை. பயந்துபோய்த் தட்டைச் சாத்திவிட்டேன். பிறகு, இது என்ன பைத்தியம், என் வீட்டு அலுமாரிக்கு நானே பயப்படுவதா என்று என்னையே ஏசிக்கொண்டு மறுபடி திறந்தேன். அந்த மண்ணிறக் கோட்டு நீங்கள் மடித்து வைத்தபடியே இருந்தது.

கோட்டைத் தேட வைத்தவள் என் மகள். இத்தாலியிலிருந்து நேற்றுப் பின்நேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு கோல் எடுத்தாள். "உம்மா, வெள்ளிக்கிழமைக்குள்ள எந்தெந்த ஊர் பாக்கணும் எண்டு சொல்லுங்க. பெப்ரவரி தொடக்கத்துல வந்தா குளிர் அடங்கப் போற நேரம், சனமும் இல்ல, டிக்கட்டும் மலிவு. நோன்புக்கு முந்தித் திரும்பிரலாம். இந்த முறையும் சாட்டுச் சொன்னீங்கண்டா இனி நான் கேக்கவே மாட்டன்." அவளை நேரில் கண்டு ஆறு வருஷம். பேத்தியை இன்னும் போன் கண்ணாடிக்குள்ளேதான் கொஞ்சிக்கொண்டிருக்கிறேன்.

நான் வாயைத் திறக்குமுன் என் முதுகுக்குப் பின்னால் நீங்கள் கேட்டீர்கள்: "திரும்பி வாற பயணம் எப்பவாம்?"

திரும்பிப் பார்த்தேன். அடுப்படி வாசலில் ஒருவரும் இல்லை. மகள் "உம்மா, உம்மா" என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தாள்.

எட்டு மாதமாக இப்படித்தான் மச்சி. வேலை செய்யும் விருந்தினர் விடுதியில் கட்டில் விரிப்பை உதறும்போது, கடற்காற்றில் பட்டம் பிடித்து அலைமேல் சறுக்க வந்த வெள்ளைக்காரர்கள் எந்த ஊரின் பெயரையாவது சொன்னால் போதும், நீங்கள் வந்துவிடுகிறீர்கள். அந்த ஒரு கேள்விதான். எந்த ஊரென்றாலும் அதைத்தானே முதலில் கேட்பீர்கள்.

என் கூடப்பிறந்த நானா, உங்கள் கணவர், மௌத்தானது போன வருஷம் ஓகஸ்ட் ஆறில், பிறை கண்ட மறுநாள். அன்றிலிருந்து நீங்கள் இத்தா இருந்தீர்கள். கணவனை இழந்தவள் நான்கு மாதமும் பத்து நாளும் வீட்டுப்படி தாண்டக் கூடாது. வெள்ளைச் சீலையோடு, அந்தப் பின்னறையில், ஜன்னல் சீலையைப் பாதி இழுத்துவிட்டு இருந்தீர்கள். உங்களுக்குப் பிள்ளையும் இல்லை. என்னவர் போனபிறகு நானும் மகளும் உங்களோடுதான் வந்து இருந்தோம்; அவள் உங்களை மாமி என்று கூப்பிட்டாலும் என்னைவிட உங்கள் மடியில்தான் அதிகம் கிடந்தாள். அவள்தான் அந்த யோசனையைச் சொன்னாள். "இத்தா முடிஞ்ச கையோட ரெண்டு பேரும் இங்க வாங்க. மூணு ஊர் தெரிவு செஞ்சு வைங்க, ரெயில்ல கூட்டிப் போறன்."

அதுதான் நமக்கு வேலையாகிவிட்டது. ஒரு ஜேர்மன்காரி விடுதியில் விட்டுப்போன பயணப் புத்தகத்தை நான் கொண்டு வந்தேன். அஸர் தொழுதுவிட்டுத் தேத்தண்ணியோடு உட்காருவோம். எனக்குத் தெரிந்த அரைகுறை இங்கிலீஷில் நான் வாசிப்பேன், நீங்கள் ஒவ்வோர் ஊராகத் தட்டிவிடுவீர்கள். அந்தச் சிரிப்பு இப்போதும் காதில் இருக்கிறது.

வெனிஸ் படத்தைக் காட்டினேன். தெருவெல்லாம் தண்ணீர், வாசலிலேயே வள்ளம். "வேணாம் புள்ள. வள்ளத்துல வந்து எறங்கினது இந்த ஒடம்புக்குப் போதும்" என்றீர்கள். பரிஸ் இரும்புக் கோபுரத்தைக் காட்டினால், "நுரைச்சோலைக் கரண்டு நிலையத்துப் புகைக்குழாய நாளும் பாக்குறம், அதுக்கு விசாவும் எடுத்துப் போகணுமா?" ஆம்ஸ்டர்டாமுக்கு வந்தோம். "அது ஒல்லாந்தர்ர ஊர்தானே? அவங்கட கோட்ட நம்ம கற்பிட்டியில இரிக்கு. ஊர்ல எடம் காணாமத்தானே இங்க வந்து கட்டினாங்க!" நான் புரையேறித் தேத்தண்ணியைப் புத்தகத்தில் கொட்டிவிட்டேன். அந்தக் கறை இன்னும் ஒல்லாந்தர் பக்கத்தில்தான் இருக்கிறது.

விடுதியில் ஒருத்தி விட்டுப்போன அந்த மண்ணிறக் கோட்டையும் கொண்டு வந்தேன். புழுங்கும் பின்நேரத்தில், வெள்ளைச் சீலைக்கு மேலே கம்பளிக் கோட்டைப் போட்டுக்கொண்டு, வியர்வை வடிய அறைக்குள் இங்குமங்கும் நடந்தீர்கள். "எப்பிடி, தொரைச்சி மாதிரி இரிக்கா?" என்று கேட்டீர்கள். நானா போனபிறகு நீங்கள் பல் தெரியச் சிரித்தது அன்றைக்குத்தான்.

ஒரு நாள் கிரனாடா பக்கம் வந்தது. மலை உச்சியில் பனி, அதற்குக் கீழே வெள்ளையும் ரோசாவுமாய்ப் பூத்த வாதுமை மரங்கள், நடுவில் சிவப்பு மதில் வைத்த அரண்மனை. குளிர் முடியும் நேரத்தில்தான் பூவையும் பனியையும் ஒன்றாகக் காணலாம் என்று எழுதியிருந்தது. அந்த அரண்மனையைக் கட்டியவர்கள் நம்முடைய ஆட்கள், பிறகு அவர்களை ஊரைவிட்டே போகச் சொல்லிவிட்டார்கள் என்றும் இருந்தது. நான் சும்மா வாசித்துக்கொண்டே போனேன். நீங்கள் என் கையைப் பிடித்தீர்கள்.

"அவங்களுக்கு எத்தன மணித்தியாலம் குடுத்தாங்களாம்?"

புத்தகத்தில் அது இல்லை மச்சி. இல்லை என்றேன். நீங்கள் எழும்பிப் போய் முகம் கழுவிவிட்டு வந்து, "இந்த ஊர எழுதிக்க" என்றீர்கள்.

தொண்ணூறாம் ஆண்டு முஸ்லிம்களுக்கு இயக்கக்காரர்கள் மணிக்கணக்கில் கெடு வைத்து ஊரைவிட்டுப் போகச் சொல்ல, நீங்கள் மன்னாரிலிருந்து வள்ளத்தில் வந்து இறங்கியபோது உங்களுக்குப் பதினேழு வயது. அந்தக் கதையை நீங்கள் அதிகம் சொன்னதில்லை. ஒன்றை மட்டும் சொல்வீர்கள். இடியப்ப மாவுக்கு அரிசி ஊறப்போட்டிருந்தீர்களாம். "ரெண்டு மூணு நாள்ல வந்துரலாம்" என்று உங்கள் வாப்பா சொல்லி, வீட்டைப் பூட்டித் திறப்பை இடுப்பில் செருகிக்கொண்டாராம். "அரிசிய வடிக்காம வந்துட்டன் புள்ள. அது இன்னும் ஊறிக்கிட்டு இரிக்கிற மாதிரியே இரிக்கி." நம் வீட்டில் யாராவது பயணம் போகும் நாளில் நீங்கள் ஒன்றையும் ஊறப்போட மாட்டீர்கள், உழுந்தைக்கூட. நான் அதைக் கேலி பண்ணியிருக்கிறேன். என் வாய் உங்களுக்குத் தெரியும்.

நவம்பரில் விசா அலுவலகத்துத் திகதி வந்தது. டிசெம்பர் பதின்மூன்று, கொழும்பில், இரண்டு பேரும் போய்க் கைரேகை வைக்க வேண்டும். நான் சுவரில் தொங்கிய கலண்டரைப் பார்த்தேன். ஓகஸ்ட் ஆறிலிருந்து எண்ணினால் நான்கு மாதமும் பத்து நாளும் டிசெம்பர் பதினாறில்தான் நிறைகிறது. நீங்கள் இறால் உரித்துக்கொண்டிருந்தீர்கள்.

"மூண்டு நாள் கொறையுது மச்சி. வேற திகதி கேக்குறன்."

"ஓம், நீ சொன்னாச் சரி" என்றீர்கள். தலையை நிமிர்த்தவில்லை.

பயண ஏஜன்சிக்காரருக்குக் கோல் எடுத்து இரண்டு பேருடைய திகதியையும் ரத்துச் செய்தேன். அடுத்த திகதி பெப்ரவரிக் கடைசியில்தான் என்றார்கள். அதற்குள் குளிர்காலமும் முடிந்து நோன்பும் வந்துவிடும். அடுத்த வருஷம் பார்ப்போம் என்று புத்தகத்தையும் கோட்டையும் உள்ளே வைத்தோம். அந்த நோன்பு முடியுமுன், நெஞ்சு அடைக்கிறது என்று சொல்லிப் படுத்த நீங்கள், வாகனம் வருமுன்னே போய்விட்டீர்கள்.

உங்களுடைய நாற்பதாம் நாள் கத்தம் ஓதலுக்கு வந்த மௌலவியின் மனைவி, பேச்சோடு பேச்சாகச் சொன்னார்: "இத்தாவ பிறைக் கணக்குலதான் எண்ணணும், கலண்டர்ல எண்ணினா நாலஞ்சு நாள் கூடிரும்." கையிலிருந்த சோற்றுத் தட்டைக் கீழே வைத்தேன். விடுதியில் வருவோர் போவோர் கணக்கெல்லாம் இங்கிலீஷ் திகதியில் எழுதி எழுதி, பிறை என்ற ஒன்று இருப்பதையே மறந்துவிட்டேன் மச்சி. அறைக்குள் போய் விரல்விட்டு எண்ணினேன். உங்கள் இத்தா டிசெம்பர் பன்னிரண்டிலேயே முடிந்திருக்கிறது. பதின்மூன்றாம் திகதி நாம் போயிருக்கலாம். என் பிழையான கணக்கால் நீங்கள் பனியும் பார்க்கவில்லை, பூவும் பார்க்கவில்லை. அதை யாரிடமும் சொல்லவில்லை, மகளிடமும். சாட்டுக்கு மேல் சாட்டாகச் சொல்லி அவளைத் தள்ளிக்கொண்டே வந்தேன். உங்களைப் போகவிடாமல் செய்துவிட்டு, எந்த முகத்தோடு நான் மட்டும் போவது?

இன்றைக்குக் கோட்டை வெயிலில் போடலாம் என்று உதறினேன். உள்பையில் ஏதோ சரசரத்தது. விடுதியின் சலவைக் கணக்குக் கடதாசி ஒன்று, நான்காய் மடித்திருந்தது. பின்பக்கத்தில் போல்பொயின்ட் பேனையால் நான்கு பிறை வரைந்திருந்தீர்கள். அதற்குக் கீழே பத்துக் கோடு. அதற்கும் கீழே, சரிந்து விழுகிற உங்கள் கையெழுத்தில் இரண்டு எண்கள்: 12, 13.

பிறைக் கணக்கில் எண்ணியிருக்கிறீர்கள்: பன்னிரண்டில் இத்தா முடிவு, பதின்மூன்றில் விசாத் திகதி.

உங்களுக்குத் தெரிந்திருக்கிறது. இறாலைப் பார்த்தபடி "நீ சொன்னாச் சரி" என்றபோதே தெரிந்திருக்கிறது. எனக்கு முதலில் வந்தது கோபம்தான் மச்சி, மறைக்கமாட்டேன். ஆறு மாதத்துக்கு மேலாக என்னை நானே தின்றுகொண்டிருக்கிறேனே, ஒரு சொல் சொல்லியிருந்தால் என்ன? கடதாசியைக் கசக்கி எறியப் போனேன். அப்போதுதான் அந்தப் பன்னிரண்டாம் திகதிக் காலை நினைவுக்கு வந்தது.

சுபஹ் தொழுதுவிட்டு நீங்கள் முன்வாசலுக்கு வந்திருந்தீர்கள். நான்கு மாதத்தில் முதல் தடவை. ஒரு காலை வெளிப்படியில் வைத்து, தெரு ஒழுங்கையைப் பார்த்துக்கொண்டு நின்றீர்கள். நான் அடுப்படியிலிருந்தே கத்தினேன்: "மச்சி, இன்னும் நாலு நாள் இரிக்கு! உள்ளுக்கு வாங்க, ஆக்கள் பாத்தா என்ன கதைப்பாங்க!" நீங்கள் காலை உள்ளே எடுத்துக்கொண்டு, பின்னறைக்குப் போய்விட்டீர்கள். இருக்கத் தேவையில்லாத நான்கு நாளையும் இருந்து முடித்தீர்கள்.

அன்றைக்கு இரவுச் சாப்பாட்டில் ஒன்று கேட்டீர்கள். "அடுத்த வருஷம் நாம ரெண்டு பேரும் போனா வீட்டுல ஆரு?" நான், "களவெடுக்க என்ன இரிக்கு மச்சி, ஒங்கட கோட்டா?" என்று சிரித்தேன். நீங்களும் சிரித்தீர்கள். எவ்வளவு மொக்காக இருந்திருக்கிறேன். நானா இருந்தவரை நீங்கள் எங்கே போனாலும் பின்னால் வீடு திறந்தே இருந்தது. அவர் போனபிறகு நாம் இருவரும் போவதென்றால் கதவைப் பூட்ட வேண்டும். ஊர் தெரிவு செய்வதில் உங்களுக்கு இருந்த ஆசை பொய் இல்லை. கோட்டைப் போட்டுக்கொண்டு சிரித்ததும் பொய் இல்லை. இன்னொரு தரம் ஒரு வீட்டைப் பூட்டிவிட்டு வள்ளமோ விமானமோ ஏற உங்களால் முடியவில்லை. அதைச் சொல்ல வெட்கப்பட்டு, என் பிழையான கணக்குக்குப் பின்னால் ஒளிந்துகொண்டீர்கள்.

சொல்லியிருக்கலாமே மச்சி. நானும் கேட்டிருக்கலாம்.

பின்நேரம் பக்கத்து வீட்டுக்குப் போனேன். அங்கிருக்கும் உங்கள் மன்னார்க் கூட்டாளியிடம், நான் இல்லாத நாட்களில் நம் வீட்டில் வந்து தங்க முடியுமா என்று கேட்டேன். "பூட்டிட்டுப் போனா என்ன, நாங்க பாத்துக்கிறம்தானே" என்றார். "இல்ல, பூட்டக் கூடாது. பின்நேரத்துல விளக்கு எரியணும், அடுப்பு எரியணும்" என்றேன். என் முகத்தை ஒரு தரம் பார்த்தார். "ஓம், வாறன்" என்றார்.

கோட்டு இப்போது கொடியில் காற்றாடுகிறது. கை மெல்ல அசையும்போது ஒவ்வொரு தடவையும் திடுக்கிடுகிறேன். குளிருக்கு அதைத்தான் போடப்போகிறேன். அந்தச் சலவைக் கடதாசியை அதே பையில் வைத்துவிட்டேன். எனக்கு மூன்று ஊர் வேண்டாம். மகளுடைய ஊர், பிறகு அந்தப் பனியும் வாதுமைப் பூவும், அவ்வளவுதான். அங்கே யாராவது தமிழோ அரபோ தெரிந்தவர் அகப்பட்டால், எத்தனை மணித்தியாலம் கொடுத்தார்கள் என்று உங்களுக்காகக் கேட்டுப் பார்க்கிறேன்.

பொழுது சாய, மஃரிபுக்கு முன் மகளுக்குக் கோல் எடுத்தேன். "சொல்லுங்க உம்மா, எந்த ஊர்?" என்றாள், மூச்சைப் பிடித்துக்கொண்டு.

"ஊர் பொறகு. திரும்பி வாற நாள முதல்ல எழுது."

"சரி, எத்தனாம் திகதி?"

"நோன்புப் பிறைக்கு அஞ்சு நாளைக்கு முந்தி நான் என்ட வாசல்ல நிக்கணும். பிறையில எண்ணு மகள். கலண்டர்ல எண்ணாத."