சிராய்ப்பு, வலது முன்கை

டைட்டன் சுற்றுநிலையம். நாள் 88, காலை 9.10
பதிவு: ரஹ்மத், மெடிக்கல் கோடர்.

மேலே நான் மட்டும். கீழே பனித்தரைக் குடிலில் சூசைமிக்கேல் மட்டும். துளைபோடும் இயந்திரத்தின் கம்பி தெறித்து அவன் கையை உரசியிருக்கிறது. காயத்துக்குக் குறியீடு போடுவது என் வேலை. சிறியது என்றால் மருந்து சொல்வோம்; பெரியது என்றால்தான் வண்டி இறங்கும். இருப்பது ஒரே வண்டி.

சூசை: "யக்கா, பெருங்காயம்னு போட்டு விடுங்க. வண்டி வரலேன்னாலும் சாம்பாருக்கு ஆவும்."

தூத்துக்குடிக் கொழுப்பு. 'சிராய்ப்பு, வலது முன்கை, முதல் வருகை' என்று போட்டேன். வானொலியில் சொன்னாலும் கணக்கில் அது வருகைதான். சென்னையில் பார்த்ததும் இதே வேலைதான். இல்லாததை ஒருநாளும் ஏற்றிப் போட்டதில்லை.

நாள் 89, காலை 10.05
கை சிவந்து வீங்கியிருக்கிறதாம். இரண்டாம் வருகை. எதற்கும் இருக்கட்டும் என்று வண்டியைத் தயாராக நிறுத்தினேன்.

அந்தக் கம்பி குடிலின் ஹீட்டரையும் இடித்ததாம். அதை அவன் அடுப்பு என்பான்.

சூசை: "அடுப்பும் லேசா இருமுதுக்கா."

மனிதருக்குத்தான் என்னிடம் குறியீடு, மெஷினுக்கு இல்லை. பூமியில் உள்ள பராமரிப்புப் பிரிவுக்குச் சொல்லச் சொன்னேன்.

நாள் 90, காலை 9.30
வானொலியில் ஒரே இரைச்சல்.

சூசை: "யக்கா... ஆறிப்போச்சு. முழுசா ஆறிப்போச்சுக்கா."

அப்பாடா. சிராய்ப்புக்கு வண்டி அனுப்பியிருந்தால் எலிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்தின கதையாகியிருக்கும். 'காயம் ஆறியது' என்று முடித்தேன். வண்டியைச் சரக்கோடு தென்துருவச் சுரங்கத்துக்கு அனுப்பிவிட்டேன். நிலையம் மறுபக்கம் போகிறது. மாலை வரை தொடர்பு இராது.

நாள் 90, மாலை 4.40
முடித்த பதிவோடு குரலையும் சேர்க்க வேண்டும். இரைச்சலை வடிகட்டினேன். 'ஆறிப்போச்சு'க்கு முன்னால் ஒரு சொல் இருக்கிறது. திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டேன்.

அடுப்பு.

அடுப்பு இல்லாமல் குடில் ஒரு நாள்தான் தாங்கும். வண்டியைக் கூப்பிட்டேன். சுரங்கத்தில் இறங்கிவிட்டது. எரிபொருள் நிரப்பி ஏற ஒரு வாரமாகும். அவன் பேசியதிலெல்லாம் நான் காயத்தை மட்டுமே கேட்டிருக்கிறேன்.

நாள் 90, மாலை 5.15
தொடர்பு கிடைத்தது.

சூசை: "கேட்டுச்சுல்லா யக்கா? அடுப்பு அணஞ்சு போச்சு. வண்டி பொறப்பட்டுச்சா?"

நான்: "பொறப்பட்டாச்சு தம்பி. இருக்கிறதயெல்லாம் போத்திக்கிட்டு இரு."

இல்லாததை ஏற்றிப் போட்டுவிட்டேன்.

நாள் 91, நேரம் பார்க்கவில்லை
சூசை: "இப்ப குளிரே தெரியலக்கா. ஒரே புழுக்கம். சட்டயக் கழத்திட்டேன்."

உடம்பு உறைகிறவர்களுக்குக் கடைசியில் புழுங்கும். அதற்கு என்னிடம் குறியீடு இருக்கிறது. போட்டேன். அவசரம் என்றும் போட்டேன். இந்தக் குறியீடு ஏறினால்தான் சுரங்கத்துக்காரர்கள் தங்கள் பனிவண்டியையாவது கிளப்புவார்கள்.

திரையில் வருகிறது: 'இந்த நோயாளியின் காயம் ஆறிவிட்டது. புதிய பதிவைத் திறக்க அவருடைய குரல் ஒப்புதல் தேவை.'

கூப்பிடுகிறேன். இரைச்சல் இல்லை. தொடர்பு தெளிவாகத்தான் இருக்கிறது.

சூசை. சட்டயப் போடு தம்பி. சரின்னு ஒரு வார்த்த சொல்லு.

சூசை