அரைக் கட்டை

ஆகஸ்ட் 3, ஞாயிறு
வில்லியனூரில் இரண்டு பூசை, ஒரு ஞானஸ்நானம். எல்லாவற்றுக்கும் நான்தான் கீபோர்டு. முதுகு விட்டுப்போயிற்று.

ஆகஸ்ட் 5, செவ்வாய்
செல்வி டீச்சர் வீட்டில் ஒத்திகை. இருபத்திரண்டு வருஷமாக அவர் பாடுகிறார், நான் பியானோ வாசிக்கிறேன். அடுத்த மாதம் புதுச்சேரியில் கச்சேரி. இந்த முறை மாதா பாட்டுக்கு வயலினும் உண்டாம். சென்னையில் படித்துவிட்டு வந்திருக்கும் ஃபிராங்க்ளின் வாசிக்கிறாராம்.

மூன்று வருஷத்துக்கு முன் ஒருநாள் டீச்சருக்கு மேல்சுரம் எட்டவில்லை; ஜலதோஷம் என்றார். மறுவாரம் சொல்லாமல் கொள்ளாமல் சுருதியை அரைக் கட்டை இறக்கி வாசித்தேன். எட்டியது. ஜலதோஷம் போய்விட்டது என்று சந்தோஷப்பட்டார். அன்றிலிருந்து எல்லாப் பாட்டும் அப்படித்தான். இசைத் தாளில் இருப்பது ஒன்று, விரல் வாசிப்பது ஒன்று. மண்டை காய்கிறது. வயலின் தாளில் இருப்பதை வாசித்தால் முதல் வரியிலேயே குட்டு வெளிப்பட்டுவிடும்.

ஆகஸ்ட் 9, சனி
ஃபிராங்க்ளினுக்கு போன் செய்தேன். அரைக் கட்டை இறக்கி வாசிக்க ஒப்புக்கொண்டார். அப்பாடா.

ஆகஸ்ட் 12, செவ்வாய்
மடையன் நான். இறக்கச் சொன்னேனே, டீச்சருக்குத் தெரியாது என்று சொன்னேனா?

டீச்சர் எதிரிலேயே ஃபிராங்க்ளின் கேட்டார்: “அங்கிள், எல்லாப் பாட்டும் அரைக் கட்டை கம்மியா, இது மட்டுமா?”

டீச்சர் கண்ணாடியைக் கழற்றினார்.

“எத்தினி வருஷமா, இன்னாசி?”

“மூணு, டீச்சர்.”

“அப்ப ஜனங்க கை தட்டுனது எனக்கா, உனக்கா?”

தாளில் உள்ளபடியே வாசிக்கச் சொன்னார். வாசித்தேன். மேலே போனதும் குரல் உடைந்தது. மறுபடி. மறுபடியும் உடைந்தது. மூன்றாவது தடவை பாதியில் நிறுத்திவிட்டு உள்ளே போய்விட்டார். நானும் ஃபிராங்க்ளினும் சொல்லிக்கொள்ளாமலே கிளம்பினோம்.

ஆகஸ்ட் 19, செவ்வாய்
ஒத்திகை இல்லை. அழைக்கவில்லை.

ஆகஸ்ட் 26, செவ்வாய்
இன்றும் இல்லை. கச்சேரியே நடக்காது போலிருக்கிறது. நான் செஞ்சது தப்பா? அவங்க மனசு நோகக் கூடாதுன்னுதானே— இல்ல, பொய். பயம். அவங்க பாடறத நிறுத்திட்டா எனக்கு இன்னா இருக்கு? கல்யாணப் பூசை, அடக்கப் பூசை. வேற இன்னா?

செப்டம்பர் 2, செவ்வாய்
காலையில் டீச்சர் போன். வரச் சொன்னார், அவ்வளவுதான். ஒதியம்பட்டில் என் வீட்டிலிருந்து சைக்கிளிலேயே போய்விட்டேன். ஃபிராங்க்ளின் எனக்கு முன்பே வந்திருந்தார்.

ஒவ்வொரு பாட்டுத் தாளின் தலையிலும் டீச்சரே பென்சிலால் எழுதி வைத்திருந்தார், ஒரு கட்டை இறக்கவும் என்று. அரை இல்லை, ஒன்று.

“அரை பத்தாது, இன்னாசி. ரெண்டு வாரமா தனியா பாடிப் பாத்துட்டேன்.”

வாசித்தேன். பாடினார். மேல்சுரத்தில் கழுத்து நரம்பு புடைக்கவில்லை, மூச்சு முட்டவில்லை. முடித்ததும் அடுத்த தாளை எடுத்தார்.

அப்படியென்றால் இந்த மூன்று வருஷமும் என் அரைக் கட்டையிலும் அவர் கஷ்டப்பட்டுத்தான் பாடியிருக்கிறார். கைக்கெட்டும் தூரத்தில் உட்கார்ந்திருந்த எனக்கு அது கேட்கவில்லை.