அறுபதில் ஒலித்த ரீங்காரம்

மூன்று நாளாக ஒரு ரீங்காரம் என் காதைக் குடைந்துகொண்டிருக்கிறது, மச்சான். உன் மனைவி கொடுத்தனுப்பிய ஹார்ட் டிஸ்கில், நீ கடைசியாகப் பதிவு செய்த கிறிஸ்துமஸ் பாடல்கள். ஒவ்வொன்றிலும் குரலுக்கு அடியில் மெல்லிய முனகல். உன் பழைய டேப் மெஷினின் மூச்சு என்று பெருமையடிப்பாயே, அதுதான் என்று முதலில் கண் கலங்கினேன். பிறகு சந்தேகம் வந்தது.

இரும்புலியூர் ஸ்டுடியோவில் நாம் பிரிந்ததே அந்த மெஷினால்தான். அதன் ஒலியை அப்படியே கொடுக்கும் ப்ளக்-இன் ஒன்றைக் கம்ப்யூட்டரில் போட்டு நான் மிக்ஸ் செய்த பாட்டை, சபைப் பாடகர்கள் முன்னால் பாதியில் நிறுத்தினாய்.

"இன்னாடா இது, பொணத்துக்குப் பவுடர் பூசுன மாதிரி கீது. சாஃப்ட்வேர்ல உசுரு வராது மச்சான்."

எல்லோரும் சிரித்தார்கள். மறுநாளே என் ஸ்பீக்கர்களைத் தூக்கிக்கொண்டு கீழ்க்கட்டளைக்கு வந்துவிட்டேன். அதற்குப் பிறகு நாம் பேசவே இல்லை. நீ போன செய்தியும் வாட்ஸ்அப்பில்தான் வந்தது.

அந்த முனகலை அளந்து பார்த்தேன். நம் ஊர்க் கரண்டில் ஓடும் மெஷின் ஐம்பது ஹெர்ட்ஸில் முனகும், அமெரிக்காவில் அறுபதில். உன் பாடல்கள் எல்லாம் அறுபதில் முனகுகின்றன. இரும்புலியூரில் ஏதடா அமெரிக்கக் கரண்டு? ப்ளக்-இன்னில் முனகலுக்கும் ஒரு குமிழ் உண்டு. வாங்கும்போது அறுபதில் இருக்கும், நாம்தான் மாற்றிக்கொள்ள வேண்டும்.

உடனே உன் மனைவிக்கு போன் செய்து மெஷினைப் பற்றிக் கேட்டேன்.

"மெஷினா? நீங்க போனதுக்கு அடுத்த மழையிலயே தண்ணி பூந்து போச்சுண்ணா. பல்பு மட்டும் எரியற மாதிரி தனியா ஒயர் குடுத்து வெச்சிருந்தாரு. யாருகிட்டயும் சொல்லக் கூடாதுன்னாரு. முக்கியமா உங்ககிட்ட."

நீ எதிரில் இருந்திருந்தால் அறைந்திருப்பேன். ஒரு போன் போட்டிருக்கலாமே, படுபாவி. நான் ஓடி வந்திருப்பேன். அப்புறம் இன்னொரு சந்தேகமும் பிடித்துக்கொண்டது. ஃபேன் சத்தம் கேட்டாலே பாட்டை நிறுத்துகிறவன், அறுபதை எப்படிக் கவனிக்காமல் விட்டாய்? என்றைக்காவது என் காதில் விழட்டும் என்றேதான் விட்டுவைத்தாயா? இனி யாரைக் கேட்பது.

மெஷினையும் என்னிடமே அனுப்பிவிட்டாள் உன் மனைவி. இன்று மேடவாக்கத்திலிருந்து பாட வந்த பெண் அதன் பல்பையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சார், இது ஒரிஜினலா?"

"ஒரிஜினல்தாம்மா," என்றேன். அவள் ஹெட்போனை மாட்டுவதற்குள், கம்ப்யூட்டரில் ப்ளக்-இன்னின் குமிழை ஐம்பதுக்குத் திருப்பி வைத்தேன்.